பேனா வட்டம்

காசநோய்த் தொற்றைக் கண்டறியும் மாண்டூ பரிசோதனைக்குச் செலுத்தும் மருந்து மிகக் கொஞ்சம், ஒரு மில்லிலிட்டரில் பத்தில் ஒரு பங்கு. முன்கையின் உட்புறத்தில், தோலின் மேலடுக்குக்குள்ளேயே நிற்கும்படி ஊசியைப் படுக்கவைத்துப் போடுகிறார்கள். கொப்புளம் போல எழும்பிச் சற்று நேரத்தில் அடங்கிவிடுகிறது. சிஸ்டர் அந்த இடத்தைச் சுற்றிப் பேனாவால் ஒரு வட்டம் போட்டார். "தேய்க்காதீங்க, சொறியாதீங்க. நாளன்னைக்கு இதே நேரத்துக்கு வந்து காட்டுங்க."

இரண்டு நாள் எடுத்துக்கொள்வது உடம்புதான். காசநோய்க் கிருமியை முன்பு ஒருமுறை சந்தித்த உடம்பில் அதை நினைவு வைத்திருக்கும் வெள்ளணுக்கள் இருக்கும். ஊசியில் போனது கிருமி அல்ல, கிருமியிலிருந்து பிரித்த புரதம். அதனால் நோய் வராது. ஆனால் அந்த அணுக்கள் அதை அடையாளம் கண்டு, ரத்தத்திலிருந்து மெல்ல வந்து தோலில் கூடுகின்றன. கூடினால் அந்த இடம் தடிக்கும். 48 மணி நேரத்துக்கு முன்னால் பார்த்தால் பயனில்லை. 72 மணி நேரத்துக்குள் பார்த்துவிட வேண்டும்.

என் உடம்பு தன் நினைவைத் தேடிக்கொண்டிருக்கும்போது நான் சமைக்கிறேன், துணி மடிக்கிறேன். அது எதைக் கண்டுபிடிக்கும் என்று எனக்குத் தெரியாது.

*

ராபர்ட் கோக் இந்தக் கிருமியைக் கண்டுபிடித்ததை பெர்லினில் அறிவித்தது 1882 மார்ச் 24. எட்டு ஆண்டுகள் கழித்து, கிருமியிலிருந்து எடுத்த டியூபர்குலினை காசநோய்க்கு மருந்து என்று முன்வைத்தார். நோயாளிகள் கூட்டம் கூட்டமாக பெர்லினுக்கு வந்தார்கள். அது குணப்படுத்தவில்லை. பின்னர் வியன்னாவில் பிர்கே, பிரான்சில் சார்ல் மாண்டூ ஆகியோர் கையில் அதே பொருள் சோதிக்கும் கருவியாயிற்று. குணமாகும் என்று நம்பி அன்று ஊசி போட்டுக்கொண்டவர்களை இன்று என் கையைப் பார்க்கும்போது நினைத்துக்கொள்கிறேன். அவர்களுக்குப் பயன்படாதது எனக்குப் பயன்படுகிறது.

*

சித்தப்பா பள்ளிபாளையத்தில் விசைத்தறி ஓட்டியவர். சித்தி போன பிறகு எங்களோடு இருக்கிறார். தறிக்கூடத்தில் வேலை செய்தவர் இருமினால் பஞ்சுத் தூசி என்றுதான் அந்தப் பக்கத்தில் எல்லோரும் சொல்வார்கள். அவரும் அப்படித்தான் சொன்னார். இரண்டு வாரத்துக்கு மேல் இருமல் நீடித்தால் சளியைச் சோதிக்க வேண்டும் என்று ஒவ்வொரு சுகாதார நிலையத்துச் சுவரிலும் எழுதியிருக்கிறது. தூசிக்குப் பழகிய ஊரில் அந்த எழுத்தை யாரும் தமக்கானதாகப் படிப்பதில்லை. இடுப்பில் வேட்டி நிற்காத அளவுக்கு அவர் இளைத்த பிறகுதான் சளி டப்பா கைக்கு வந்தது.

காசநோய் என்று முடிவு வந்ததும் சுகாதாரப் பார்வையாளர் வீட்டுக்கு வந்தார். அதட்டல் இல்லாத மனிதர். நோட்டைத் திறந்து கேட்டார். யார் யார் ஒரே அறையில் படுக்கிறீர்கள்? அந்த அறைக்கு ஜன்னல் எத்தனை? யாருக்காவது சர்க்கரை உண்டா? ஐந்து வயதுக்குக் கீழே குழந்தை? அவரோடு அதிக நேரம் உட்கார்ந்திருப்பவர் யார்?

என் மகள்தான். மழைக் காலம் முழுவதும், சாத்திய ஜன்னலுக்குப் பின்னால், சித்தப்பா மடியில் உட்கார்ந்து டி.வி. பார்த்தவள். அடுத்தது நான், அவருக்கு ராத்திரி வெந்நீர் கொடுத்து, இருமல் தணியும் வரை முதுகைத் தடவிக்கொண்டிருந்தேன். பார்வையாளர் எழுதிக்கொண்டே போனார். ஆபத்தின் பட்டியல் அது. யாருக்கு யார் மேல் பாசம் என்று ஒருவர் விசாரித்து எழுதினாலும் அதே பெயர்கள் அதே வரிசையில்தான் வந்திருக்கும்.

*

நேற்றுப் பார்த்தேன், சித்தப்பா தன் தட்டையும் டம்ளரையும் மாடிப்படிக்குக் கீழே தனியாக எடுத்து வைத்திருக்கிறார். திண்ணையிலேயே சாப்பிடுகிறார்.

"உள்ளே வாங்க சித்தப்பா."

"இருக்கட்டும் கண்ணு. உனக்கு ரிசல்ட் வரட்டும்."

காசநோய் தட்டில் ஒட்டாது, டம்ளரில் ஒட்டாது. இருமும்போது வெளிப்படும் மிக நுண்ணிய துளிகள் அடைத்த அறையின் காற்றில் மணிக்கணக்கில் மிதக்கும். அவற்றை மூச்சில் இழுத்தால்தான் தொற்று. தட்டைப் பிரித்து வைத்துவிட்டு ஜன்னலைச் சாத்திக்கொள்கிற வீடு தவறான கதவைப் பூட்டுகிறது. எங்கள் கூடத்து ஜன்னல் இப்போது கொசுவையும் பொருட்படுத்தாமல் திறந்தே இருக்கிறது.

ஆனால் எனக்கு அவரிடம் சொல்ல வேண்டியிருந்தது வேறொன்று. 1956இல் சென்னை சேத்துப்பட்டில் காசநோய்க்கு ஓர் ஆய்வு மையம் தொடங்கினார்கள். இன்றைய தேசிய காசநோய் ஆராய்ச்சி நிறுவனத்தின் மூலம் அதுதான். அதுவரை காசநோய் என்றால் சானடோரியம். நல்ல காற்று, ஓய்வு, சத்தான சாப்பாடு, எல்லாவற்றுக்கும் மேலாக வீட்டாரை விட்டு விலகியிருப்பது. டாக்டர் சவுரி முத்து 1928இல் தாம்பரத்தில் கட்டியதும் அப்படி ஒன்றைத்தான். வாலஸ் ஃபாக்ஸ் தலைமையில் சேத்துப்பட்டுக்காரர்கள் சென்னையின் ஏழை நோயாளிகளை இரண்டு பிரிவாகப் பிரித்தார்கள். ஒரு பிரிவு சானடோரியத்துக்குப் போயிற்று. மற்றப் பிரிவு நெருக்கமான வீடுகளில், குறைந்த சாப்பாட்டில், வேலையையும் பார்த்துக்கொண்டு மாத்திரை சாப்பிட்டது. இரு பிரிவுக்கும் மருந்து ஒன்றே. ஓராண்டு முடிவில் குணமானவர்களின் விகிதம் ஏறக்குறைய ஒன்றாகவே இருந்தது. 1959இல் வெளியான அந்த முடிவு உலகம் முழுவதும் காசநோய் சிகிச்சையை மாற்றியது.

எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது அவர்கள் கூடவே கேட்ட இன்னொரு கேள்வி. நோயாளியோடு ஒரே வீட்டில் இருந்தவர்களுக்கு என்ன ஆயிற்று? ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்தார்கள். நோயாளி வீட்டிலேயே மருந்து சாப்பிட்ட குடும்பங்களில், அவரைச் சானடோரியத்துக்கு அனுப்பிய குடும்பங்களைவிட நோய் கூடுதலாக வரவில்லை. வீட்டாருக்குச் சேர வேண்டிய ஆபத்து பெரும்பாலும் நோய் தெரியாமல் இருந்த காலத்திலேயே சேர்ந்துவிட்டிருந்தது. மருந்து தொடங்கிய பின் விலக்கி வைப்பதால் யாருக்கும் பாதுகாப்பு கூடவில்லை.

எழுத்தாளர் புதுமைப்பித்தன் 1948இல் காசநோயில் இறந்தபோது வயது 42. சேத்துப்பட்டு மையம் வர இன்னும் எட்டு ஆண்டுகள் இருந்தன.

சேத்துப்பட்டு ஆய்வு சொன்னதை என்னால் முடிந்த அளவுக்கு எளிமையாகச் சித்தப்பாவிடம் சொன்னேன். பயப்பட வேண்டிய காலம் போய்விட்டது சித்தப்பா, நீங்கள் மாத்திரையை விடாமல் சாப்பிட்டு வருகிறீர்கள், எனக்கு என்ன வந்தாலும் அது திண்ணையால் வராது, திண்ணையால் போகாது. அவர் பதில் சொல்லவில்லை.

*

தடிப்பு பன்னிரண்டு மில்லிமீட்டர். சிவப்பைக் கணக்கில் எடுப்பதில்லை. கண்ணை மூடிக்கூட விரலால் உணரக்கூடிய தடிப்பைத்தான் குறுக்காக அளக்கிறார்கள். பத்தும் அதற்கு மேலும் இருந்தால் தொற்று உண்டு என்று கொள்வது வழக்கம்.

தொற்று வேறு, நோய் வேறு என்று மருத்துவர் பொறுமையாகச் சொன்னார். எக்ஸ்ரேயில் நுரையீரல் சுத்தம். கிருமி எங்கோ சுற்றிவளைக்கப்பட்டு உறங்குகிறது. உலகத்தில் ஏறக்குறைய நான்கில் ஒருவர் உடம்பில் இப்படி உறங்குவதாக மதிப்பிடுகிறார்கள். அவர்களில் வாழ்நாளில் நோயாளியாவது நூற்றுக்கு ஐந்திலிருந்து பத்துப் பேர், அதிலும் முதல் இரண்டு ஆண்டுகளில்தான் அதிகம். என் கையில் தெரிந்தது சித்தப்பாவின் மூச்சா, பல வருடங்களுக்கு முன் ஏதோ பஸ்ஸில் பக்கத்தில் இருமியவரின் மூச்சா என்று இந்தச் சோதனை சொல்லாது. அப்படித் தேதி சொல்லும் சோதனை எதுவும் இல்லை. அது எனக்கு ஆறுதலாக இருக்கிறது. யாரையும் சுட்டாத முடிவு இது.

தடிப்பைச் சித்தப்பாவிடம் காட்டினேன். மறைத்தால் அவர் வேறு எதையாவது கற்பனை செய்துகொள்வார். நெடுநேரம் பார்த்தார். "என்னாலதான்" என்றார். தெரியாது சித்தப்பா என்றேன், அது உண்மை. தடுப்பு மாத்திரை சாப்பிட்டால் இது நோயாக மாறும் வாய்ப்பு வெகுவாகக் குறையும் என்றேன், அதுவும் உண்மை.

மகளுக்கு மாண்டூ தேவைப்படவில்லை. ஐந்து வயதுக்குக் கீழே என்றால், நோய் இல்லை என்று உறுதி செய்துகொண்டு, தோல் சோதனைக்குக் காத்திராமல் தடுப்பு மருந்தைத் தொடங்கிவிடுகிறார்கள். எடை பார்த்து, மாத்திரை எழுதிக் கொடுத்தார்கள். ஆறு மாதம்.

சித்தப்பாவுக்கும் மொத்தம் ஆறு மாதம். ரிஃபாம்பிசினால் சிறுநீர் ஆரஞ்சு நிறத்தில் போகிறது என்று அவர் பயந்திருந்ததை இன்றுதான் சொன்னார். அது மருந்தின் நிறம் என்று விளக்கினேன். பிறகு தட்டை உள்ளே எடுத்து வரச் சொன்னேன். மகளை மாத்திரை விழுங்கவைக்கும் வேலையை அவரிடம்தான் கொடுக்கப் போகிறேன்.