யார் கொண்டு வந்தது?

சில நோய்களைப் பற்றி நாம் பெருமையாகவே பேசுகிறோம். "எனக்கு ரத்தக் கொதிப்பு" என்று சொல்லிக் கொள்வதில் ஒரு கௌரவங்கூட இருக்கிறது. ஆனால், "எனக்குச் சொறி சிரங்கு" என்று எந்தக் கனவானும் நாலு பேர் நடுவில் சொல்லி நான் கேட்டதில்லை. இந்த வெட்கம் நியாயமானதுதானா?

கெட்ட ரத்தத்தினால் வருவதென்று நெடுங்காலம் நம்பப்பட்ட இந்த நோய்க்கு, எட்டுக் கால்களுள்ள, அரை மில்லிமீட்டர்கூட இல்லாத ஒரு சிற்றுயிரே காரணமென்று 1687-இல் இத்தாலியரான பொனோமோ எழுதினார். அது தோலைக் குடைந்து முட்டையிடுகிறது. அதற்குக் குலமும் தெரியாது, குணமும் தெரியாது.

இரண்டாம் உலகப் போரின்போது, 1941-இல், இங்கிலாந்தின் ஷெபீல்டு நகரில் கென்னத் மெல்லன்பி என்ற விஞ்ஞானி ஒரு சோதனையைத் தொடங்கினார். போரில் கொல்ல மறுத்த இளைஞர்கள் சிலர் அதற்குத் தங்கள் உடம்பையே கொடுத்தார்கள். நோயுற்ற சிப்பாய்களின் உள்ளாடைகளை உடுத்தினார்கள். அவர்களுடைய போர்வைகளில் படுத்தார்கள். அநேகமாக யாருக்கும் ஒட்டவில்லை. நோயாளியோடு ஒரே படுக்கையில் உறங்கிய பிறகே ஒட்டியது. அப்போதும், முதன்முறை தொற்றியவர்களுக்கு ஏறக்குறைய ஒரு மாதம்வரை அரிப்பே தெரியவில்லை!

இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஒன்று தோன்றுகிறது. தாய் குழந்தையை அணைத்துத் தூங்குகிறாள். இடமில்லாத வீட்டில் ஐந்து பேர் ஒரே பாயில் படுக்கிறார்கள். அந்த நெருக்கத்தில்தான் இந்த நோய் பரவுகிறது. அப்படியிருக்க, சொறிகிற பிள்ளையைப் பார்த்து, "நீதானே கொண்டு வந்தாய்?" என்று அதட்டும் தகப்பனார், தமக்கு அரிப்பில்லை என்பதனாலேயே குற்றமற்றவர் ஆகிவிடுவாரா?

வெட்கம் இருந்தால்தானே சுத்தம் இருக்கும் என்பீர்கள். வெட்கம் நோயை மறைக்கத்தான் கற்றுக் கொடுக்கிறது. மறைத்த நோய் வீடு முழுவதும் பரவுகிறது.

வைத்தியம் எளியது. 5 சதவிகித பெர்மெத்ரின் களிம்பைக் கழுத்திலிருந்து பாதம்வரை தடவி, 8 முதல் 14 மணி நேரம் கழித்துக் கழுவ வேண்டும். ஒரு வாரம் சென்று மறுபடியும் தடவ வேண்டும். சிறு குழந்தைகளுக்கு மருத்துவரைக் கேட்டுத் தடவுவது நல்லது. இதில் முக்கியமான விதி ஒன்றுண்டு: அரிப்பு உள்ளவர், இல்லாதவர் என்ற பேதமின்றி வீட்டிலுள்ள எல்லோரும் ஒரே நாளில் தடவிக்கொள்ள வேண்டும். ஒருவர் விலகினாலும் நோய் திரும்பி வரும்.

யார் கொண்டு வந்தது என்று அந்த மருந்து கேட்பதில்லை. நாமும் கேட்காமலிருக்கப் பழகினால் பாதி நோய் தீர்ந்துவிடும்.