தடுமாறியது யார்?

பின்மண்டையில், பெருமூளைக்குக் கீழே ஒடுங்கியிருப்பது சிறுமூளை. மூளையின் எடையில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்குதான். ஆனால் மனித மூளையிலுள்ள சுமார் 8,600 கோடி நரம்பணுக்களில் 6,900 கோடி அங்கேதான் இருக்கின்றன. அசைவுக்கு ஆணையிடுவது அதன் வேலை அல்ல; இட்ட ஆணை அளவோடும் உரிய நேரத்திலும் நிறைவேறுகிறதா என்று பார்த்துத் திருத்துவதே அதன் வேலை. அது திடீரெனப் பழுதானாலும் தசையில் வலு இருக்கும், எடுக்க வேண்டும் என்ற எண்ணமும் இருக்கும். ஆனால் டம்ளரை நோக்கிப் போன கை அதைத் தாண்டிப் போய்விடும். கால்கள் அகல அகல விழும், பேச்சு துண்டு துண்டாகும். மருத்துவர்கள் இதை அட்டாக்ஸியா என்கிறார்கள்.

கை விழுந்துபோனவருக்குக் கை வருவதே இல்லை. இங்கே வருகிறது, சொன்னபடி வருவதில்லை. நினைப்பவனுக்கும் செயலுக்கும் நடுவே இப்படி ஓர் இடைவெளி தெரிவதால்தான் இந்த நோய் தத்துவத்துக்கும் உரியதாகிறது. முதல் உலகப் போரில் பின்தலையில் குண்டடிபட்ட சிப்பாய்களைச் சோதித்த பிரிட்டிஷ் நரம்பியலாளர் கோர்டன் ஹோம்ஸ், அடிபட்ட பக்கத்துக் கைகாலே தடுமாறுவதை 1917-இல் விவரித்தார். அவரிடம் ஒரு நோயாளி, நல்ல கை தன்பாட்டில் இயங்குவதாகவும் மற்றக் கைக்கு ஒவ்வோர் அசைவையும் யோசித்துச் சொல்ல வேண்டியிருப்பதாகவும் முறையிட்டார். ‘நான் நடக்கிறேன்’ என்று சொல்லும் எவருடைய நடையிலும் பெரும்பகுதி அந்த ‘நான்’ அறியாமலே நடந்துகொண்டிருக்கிறது.

சைவ சித்தாந்தம் இந்த இடைவெளியைப் பழைய காலத்திலேயே கண்டது. 13-ஆம் நூற்றாண்டில் மெய்கண்டார் இயற்றிய சிவஞானபோதத்தில் 12 சூத்திரங்கள். அவற்றில் மூன்றாவது, உயிர் உண்டு என்று நிறுவ வருவது. ‘என் உடல்’ என்று சொல்கிறவன் உடலுக்கு வேறானவன் என்பது அதன் வாதங்களுள் ஒன்று. கையும் காலும் வாக்கும் கருவிகள்; உயிர் கருத்தா. ‘என் கை நான் சொன்னபடி கேட்கவில்லை’ என்று புலம்பும் நோயாளி, தெரியாமலே மெய்கண்டாருக்குச் சாட்சி சொல்கிறார்.

எதிர்ச்சாட்சியும் தமிழிலேயே இருக்கிறது. செவ்வியல் காப்பியமான மணிமேகலையில் அது வருகிறது. அதில் சமயக்கணக்கர் பலரையும் காப்பியத் தலைவி மணிமேகலை கேட்டுவரும் இடத்தில், பூதங்களே எல்லாம் என்னும் பூதவாதி பேசுகிறான்: தாதகிப் பூவும் வெல்லக்கட்டியும் சேர்ந்தால் கள்வெறி பிறப்பதுபோல, நிலம், நீர் முதலிய பூதங்கள் கூடினால் உணர்வு பிறக்கும். அவன் உவமைக்குக் கள்ளைப் பிடித்தது இன்றைக்கு இன்னும் கூர்மையாகப் படுகிறது. குடித்தவரின் தள்ளாட்டம், மது சிறுமூளையைத் தாக்குவதால் வருவது. அசைவு மட்டுமல்ல, எண்ணமும் அங்கே பிசகலாம்: சிறுமூளை கெட்டவர்களிடம் திட்டமிடுதல், மொழி, உணர்ச்சி ஆகியவையும் தடுமாறுவதை ஷ்மாமன், ஷெர்மன் இருவரும் 1998-இல் காட்டினார்கள்.

இதனால் சித்தாந்தம் சாய்ந்துவிடாது. மனம், புத்தி, அகங்காரம், சித்தம் நான்கையும் அது ஏற்கெனவே கருவிப் பட்டியலில்தான் வைத்திருக்கிறது. ஆனால் அதற்கு ஒரு விலை உண்டு. நடையும் நினைப்பும் கருவியின் கணக்கில் போய்விட்டால், மிஞ்சும் உயிர் தனித்து எதையும் செய்யாத ஒன்றாகிவிடும். சார்ந்ததன் வண்ணமாவதே உயிரின் இயல்பு என்று சித்தாந்திகளே ஒப்புக்கொள்வதால், இந்த வழக்கில் இரு தரப்புக்கும் முழு வெற்றி கிடையாது.

நோய் ஐயமின்றித் தோற்கடிப்பது வேறொன்றை: நடையைப் பார்த்து ஆளை எடைபோடும் பழக்கத்தை. சென்னைப் பெரும்பாக்கத்தின் அடுக்குமாடிக் குடியிருப்புகளில் ஒருவர் கைப்பிடிச் சுவரைப் பற்றிக்கொண்டு தள்ளாடி இறங்கினால், ‘காலையிலேயே ஏத்திட்டார்’ என்ற சொல் அவருக்கு முன்னால் கீழ்த்தளம் போய்ச் சேரும். குழந்தைக்கு வேறு தீர்ப்பு. சின்னம்மை இறங்கி, தலைக்குத் தண்ணீர் ஊற்றிய சில நாளில் சில பிள்ளைகள் நிற்க முடியாமல் தள்ளாடுவதுண்டு. உடனே பத்தியம் தப்பியது, தெய்வக் குற்றம் என்று தாயைக் குறை சொல்வார்கள். வைரஸை எதிர்த்த உடலின் தற்காப்பே சிறுமூளையையும் சீண்டிவிட்டதுதான் பெரும்பாலும் காரணம். அநேகக் குழந்தைகள் சில வாரங்களில் தேறிவிடுகிறார்கள். பிராரத்த வினை (முன்வினைப் பயன்) என்று சொல்கிறவர்களுக்கும் ஒன்று: சித்தாந்தப்படி அந்தக் கணக்கைக் கூட்டுகிறவன் சிவன், பக்கத்து வீட்டுக்காரர் அல்ல.

பெரியவர்களுக்குத் தள்ளாட்டம் திடீரென வந்தால் சிறுமூளையில் ரத்தக்குழாய் அடைப்போ ரத்தக்கசிவோ இருக்கலாம். தலைசுற்றலும் வாந்தியும் சேர்ந்து வருவதால் பித்தம் என்று சோடாவும் எலுமிச்சையும் கொடுத்துப் படுக்கவைப்பது வழக்கம். முதல் சி.டி. ஸ்கேனிலும் அடைப்பு தெரியாமல் போவதுண்டு. சிறுமூளை வீங்கினால் பக்கத்திலிருக்கும் மூளைத்தண்டு நசுங்கும். மூச்சை நடத்துவது அதுதான். அடைப்பைக் கரைக்கும் மருந்தைப் பொதுவாக நாலரை மணி நேரத்துக்குள் கொடுத்தாக வேண்டும். வினையா விதியா என்ற விசாரணையைப் பிறகு வைத்துக்கொள்ளலாம். முதலில் 108-ஐ அழையுங்கள்.