இடம் விட்ட குரல்

பாடகர் ஃபாப்ரிட்சியோ டி ஆண்ட்ரே 1940-இல் இத்தாலியின் துறைமுக நகரமான ஜெனோவாவில், வசதியான குடும்பத்தில் பிறந்தவர். முதல் இசைத்தட்டு 1961-இல் வந்தது, மறைந்தது 1999-இல். அவர் விட்டுச்சென்ற ஸ்டூடியோ ஆல்பங்கள் 13 மட்டுமே. அவற்றில் 9, 1967-க்கும் 1978-க்கும் இடையே வெளிவந்தவை. அதன்பின் இருபதாண்டுகளில் நான்குதான். பெயர் பெருகப் பெருகப் பாட்டு குறைந்தது. இதைச் சோர்வு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஜெனோவாவின் சந்துகளில் உடலை விற்றுப் பிழைத்த பெண்களைத்தான் அவர் இளவயதிலேயே பாடினார். 'மரினெல்லா' பாடல், கொல்லப்பட்டு ஆற்றில் வீசப்பட்ட ஒரு பெண்ணைப் பற்றிய செய்தியிலிருந்து பிறந்தது. அதைப் புகழ்பெற்ற பாடகி மினா பாடிய பிறகே நாடு அவர் பக்கம் திரும்பியது. 1971-இல் அமெரிக்கக் கவிஞர் எட்கர் லீ மாஸ்டர்ஸின் கவிதைகளை எடுத்து, ஓர் ஆல்பம் முழுக்க இறந்தவர்களைப் பேசவைத்தார்.

ஆனால் ஒருவருக்காகப் பேசுவது வேறு, அவர் பேச வழிவிடுவது வேறு. இந்த இரண்டாவதற்கு அவர் பிற்காலத்தில்தான் வந்துசேர்ந்தார்.

1979 ஆகஸ்டில் சார்தீனியத் தீவில் அவரும் துணைவி டோரி கெட்சியும் கடத்தப்பட்டார்கள். நான்கு மாதம் மலைக்காட்டுச் சிறை. பணம் கொடுத்துத்தான் மீட்பு. காவல் நின்றவர்களை அவர் மன்னித்தார். ஏவியவர்களை மன்னிக்கவில்லை. அந்த மண்ணை வெறுக்க அவருக்கு எல்லா நியாயமும் இருந்தது. ஆனாலும் 1981 ஆல்பத்தில் சார்தீனியர்களையும் அமெரிக்கப் பூர்வகுடிகளையும் உறவினர்களைப் போல அருகருகே நிறுத்தினார். தீவில் இருந்த பண்ணையையும் கைவிடவில்லை.

1984-இல் இசைக்கலைஞர் மௌரோ பகானியுடன் சேர்ந்து 'கிரேசா தெ மா' ஆல்பத்தைச் செய்தார். முழுக்க ஜெனோவாவின் பேச்சுமொழி. ஊத், புசூக்கி முதலிய மத்தியதரைக் கடற்கரை வாத்தியங்கள். லெபனானின் சிதோன் நகரில் போருக்குப் பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தகப்பன் அதில் அழுகிறான். நாடே அவருடைய இத்தாலியச் சொற்களுக்காகக் காத்திருந்தபோது, அவற்றை ஒதுக்கிவைத்துவிட்டு மாலுமிகளின் மொழிக்குப் போக எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்! 1996-இல் வந்த கடைசி ஆல்பத்தில் ரோமா நாடோடிகளைப் பற்றிய பாடல் அவர்களுடைய ரோமானி மொழியில் முடிகிறது. அந்த வரிகளை அவர் பாடவில்லை, டோரி பாடினார். பாடிப் பாடி ஈட்டிய இடத்தை அவர் பிறருக்கு ஒழித்துக்கொடுத்தார். ஒரு பாடகரின் வளர்ச்சியை நான் இதைக் கொண்டே அளக்கிறேன்.

டி ஆண்ட்ரேயைப் புதிதாகக் கேட்கப்போகிறவர்கள் 'கிரேசா தெ மா'விலிருந்து தொடங்குங்கள். சொல் புரியவில்லையே என்று தயங்க வேண்டாம். பெரும்பாலான இத்தாலியர்களுக்கும் அது புரியவில்லை.