முடியாது, மாட்டேன், மாட்டோம்

கல்லூரியில் எந்த விழா என்றாலும் வாசலில் ஒரு மேசை போடுவார்கள். பன்னீர்ச்செம்பு, சந்தனக் கிண்ணம், குங்குமம், கல்கண்டுத் தட்டு. மேசைக்குப் பின்னால் பட்டுச்சேலை கட்டிய இரண்டு ஆசிரியைகள். பத்தரை மணிக்கு வருவதாகச் சொன்ன சிறப்பு விருந்தினர் பன்னிரண்டு மணிக்கு வருவார். அதுவரை நிற்க வேண்டும். ஆண் ஆசிரியர்கள் அரங்கின் முன்வரிசையில் உட்கார்ந்திருப்பார்கள்.

பணியில் சேர்ந்த முதல் பதினோரு ஆண்டுகள் நானும் அங்கே நின்றிருக்கிறேன். நிற்கப் பிடிக்காத நாளில் ஒரு காரணம் தேடுவேன். "தலைவலி சார், முடியாது." "பையனுக்குக் காய்ச்சல், இன்னைக்கு முடியாது." ஒருமுறை காரணம் எதுவும் வாய்க்கு வரவில்லை. "நான் நிக்க மாட்டேன் சார்" என்றேன். குரலை உயர்த்தவில்லை. ஆனாலும் அறை அமைதியாகிவிட்டது. "என்ன மேடம், இப்படிப் பேசுறீங்க?" என்றார் விழாப் பொறுப்பாளர்.

அதற்கு முன்பு எத்தனையோ முறை மறுத்திருக்கிறேன். அப்போதெல்லாம் யாரும் இப்படிக் கேட்டதில்லை. அன்று மாறியது ஒரு சொல் மட்டும்தான்.

தமிழ் இலக்கணம் கற்பிக்கிறவள் என்பதால் அந்தச் சொல்லை வீட்டுக்குக் கொண்டுவந்து யோசித்தேன். 'முடியாது' என்பதற்குள் ஆள் இல்லை. என்னால் முடியாது, உன்னால் முடியாது, அவளால் முடியாது. யார் சொன்னாலும் அது அதேதான். அது என் இயலாமையைச் சொல்கிறது. கட்டளையைக் கேள்வி கேட்பதில்லை. வேலை சரியானதுதான், என் உடம்புதான் ஒத்துழைக்கவில்லை என்று ஒப்புக்கொள்கிறது. 'மாட்டேன்' அப்படியல்ல. அதன் கடைசியில் இருக்கும் 'ஏன்' தன்மை ஒருமை விகுதி. 'நான்' இல்லாமல் அந்தச் சொல்லைச் சொல்ல வழியில்லை.

இன்னொன்றும் உண்டு. பழந்தமிழில் 'மாட்டு' என்பதற்கு இயலுதல் என்று ஒரு பொருள். 'மாட்டாமை' என்றால் இயலாமை. அன்றைய 'மாட்டேன்' இன்றைய 'முடியாது'தான். காலப்போக்கில் இயலாமையைச் சொன்ன சொல்லுக்குள் விருப்பம் வந்து உட்கார்ந்துகொண்டது. மொழியியலாளர்கள் இதற்கு வேறு விளக்கம் தரக்கூடும். என்னால் இயலாது என்று நெடுங்காலம் சொல்லிவந்தவர்கள், ஒருநாள் எனக்கு விருப்பமில்லை என்ற பொருளில் அதைச் சொல்லத் துணிந்திருப்பார்கள் என்று நினைத்துக்கொள்ள எனக்குப் பிடித்திருக்கிறது.

காரணம் சொல்லாமல் மறுப்பது மரியாதைக் குறைவா? என் மாணவிகள் இதை அடிக்கடி கேட்கிறார்கள். காரணம் சொன்னால் என்ன நடக்கிறது என்று பாருங்கள். தலைவலி என்றால் மாத்திரை வரும். பையனுக்குக் காய்ச்சல் என்றால், பாட்டி இல்லையா என்ற கேள்வி வரும். காரணத்தைத் தீர்த்துவிட்டால் மறுப்பும் தீர்ந்துவிட்டதாக எடுத்துக்கொள்வார்கள். காரணம் கேட்பது தவறு என்று நான் சொல்லவில்லை. அது யாரிடம் மட்டும் கேட்கப்படுகிறது என்று பார்க்கச் சொல்கிறேன். முன்வரிசையில் உட்கார்ந்திருந்தவர்களிடம், நீங்கள் ஏன் வாசலில் நிற்கவில்லை என்று யாரும் கேட்கவில்லை.

நம் இலக்கியத்தில் எதிர்த்துச் சொன்ன சொற்களுக்குக் குறைவில்லை. மன்னன் அழைத்தபோது வர மறுத்த அப்பரின் வாக்கை வீரமென்று வகுப்பில் நடத்துகிறோம். பெண்ணுக்கு என்று வரும்போது தொல்காப்பியம் அச்சத்தையும் நாணத்தையும் மடத்தையும் எடுத்து வைக்கிறது. சொல்லிக் கொடுத்ததை ஏற்றுக்கொண்டு, ஏற்றதைக் கைவிடாதிருப்பதே மடம் என்று உரைகாரர்கள் விளக்குகிறார்கள். அந்த இலக்கணத்தில் 'மாட்டேன்' என்ற சொல்லுக்கு இடமே இல்லை.

கண்ணகி இருக்கிறாளே என்பார்கள். இருக்கிறாள். அரசவையில் நின்று, ஆராயாமல் தீர்ப்புச் சொன்னவன் என்று மன்னனை முகத்துக்கு நேரே சொன்னாள். 1968இல் மெரினாவில் அவளுக்குச் சிலை வைத்தோம். 2001இல் அது அகற்றப்பட்டபோது கொதித்தோம். 2006இல் திரும்ப வைத்தோம். ஆனால் அவள் பேசிய இன்னோர் இடமும் சிலப்பதிகாரத்தில் இருக்கிறது. கொலைக்களக் காதையில், மதுரையின் ஆயர் குடிலில், கோவலனிடம் அவன் நடந்துகொண்ட முறை போற்றத்தக்கதல்ல என்று ஒரே ஒரு முறை சொல்லிவிடுகிறாள். கணவனுக்காக மன்னனிடம் பேசியதற்குச் சிலை. தனக்காகக் கணவனிடம் பேசியதைத் தேர்வில் வினாவாகக்கூடக் கேட்பதில்லை. அவளைக் கொண்டாடும் வீட்டிலேயே மகள் தனக்காக ஒரு வாக்கியம் பேசினால் 'வாய் நீளுது' என்கிறார்கள்.

ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். குரலை உயர்த்தாமல் 'மாட்டேன்' என்று சொல்ல எனக்கு வாய்த்ததற்குக் காரணம் என் துணிச்சல் மட்டும் அல்ல. நிரந்தர வேலை, மாதச் சம்பளம், உள்ளே தாழ்ப்பாள் போட்டுக்கொள்ளக்கூடிய ஓர் அறை எல்லாம் எனக்கு இருக்கின்றன. பாமாவின் 'சங்கதி' 1994இல் வந்தது. அதில் புருஷன் அடிக்க வரும்போது தெருவுக்கு வந்து, கேட்கக் கூசும் வார்த்தைகளால் அவனைத் திட்டித் தீர்க்கும் பெண்கள் வருகிறார்கள். முதலில் கூசுகிற கதைசொல்லிக்குப் பிறகு புரிகிறது: அந்தக் கூச்சல் இல்லாவிட்டால் அடி நிற்காது. கதவு இல்லாத இடத்தில் வசவுதான் கதவு. தாழ்ப்பாள் உள்ளவள் அங்கே போய் நாகரிகம் கற்பிக்கக் கூடாது.

அதே நேரம் என் நாக்கைப் பற்றி எனக்கு ஒரு தயக்கம் உண்டு. தமிழில் கையில் கிடைக்கும் வசவுகளில் பெரும்பாலானவை ஒரு பெண்ணின் பிறப்புறுப்பை, ஒருவனின் தாயை, ஒரு சாதியைச் சொல்கின்றன. அவற்றை எடுத்து ஓர் ஆண்மேல் எறிந்தால், அடி வேறு யாரோ ஒருத்தி மேல்தான் விழுகிறது. தேர்ந்தெடுக்கும் வசதி உள்ள நானாவது தேர்ந்தெடுக்க வேண்டும். எல்லை வகுக்க எதிராளியைப் பற்றி ஒரு சொல்லும் தேவையில்லை. நான் செய்ய மாட்டேன், என்னை இப்படிக் கூப்பிடாதீர்கள், அறைக்குள் வராதீர்கள். இவற்றில் வசவு இல்லை. வசவைவிடக் கோபத்தைக் கிளப்புகின்றன.

இத்தோடு நிறுத்தியிருந்தால் இது என் வெற்றிக் கதையாக இருந்திருக்கும். அடுத்த விழா அன்று வாசலைக் கடந்தேன். மேசைக்குப் பின்னால், என் இடத்தில், எங்கள் துறையின் கௌரவ விரிவுரையாளர் நின்றிருந்தார். பதினோரு மாத ஒப்பந்தம்; எட்டு மாதக் கர்ப்பம். "உக்காரலாமேம்மா" என்றேன். "மாட்டேன்னு சொல்ல என்னால முடியுமா மேடம்? அடுத்த வருஷம் கூப்பிடுவாங்களான்னே தெரியல" என்றார்.

அவர் வாக்கியத்தில் என் இரண்டு சொற்களும் இருந்தன. நான் வேலையை மறுத்திருந்தேன், வேலை மறையவில்லை. மறுக்க முடியாத ஒருத்தியைத் தேடிப் போயிருக்கிறது. தன்மை ஒருமை போதாது என்பது அந்த வாசலில் எனக்குப் புரிந்தது. என் சுயமரியாதையின் செலவை இன்னொருத்தி கட்டுகிறாள் என்றால் அதை எப்படி எனதென்று சொல்லிக்கொள்வது?

இதையும் நமக்கு முன்னால் சிலர் கண்டிருக்கிறார்கள். 1938இல் இந்தித் திணிப்பை எதிர்த்து டாக்டர் தருமாம்பாள், மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் முதலிய பெண்கள் சென்னையில் மறியல் செய்து சிறை சென்றார்கள். கைக்குழந்தையோடு போனவர்களும் உண்டு. அவர்கள் சொன்னது 'மாட்டோம்'. சுயமரியாதை என்ற சொல்லில் 'சுயம்' இருந்தாலும் அதை அவர்கள் பன்மையில்தான் வாழ்ந்தார்கள்.

நாங்கள் செய்தது சிறிய காரியம். நிரந்தரப் பணியில் இருக்கும் ஐந்து பெண்கள் கையெழுத்திட்டு ஒரு கடிதம் கொடுத்தோம். வரவேற்பில் இனிப் பெண்கள் மட்டும் நிற்க மாட்டோம். நிற்பதானால் சுழற்சி முறையில் எல்லா நிரந்தர ஆசிரியர்களும் நிற்கட்டும். ஒப்பந்தத்தில் இருப்பவர்களை அழைக்க வேண்டாம். ஒப்பந்தத்தில் இருப்பவர்களிடம் கையெழுத்துக் கேட்கவில்லை. இரண்டு தோழிகள் கையெழுத்திட மறுத்தார்கள். ஒருவர், "எனக்கு அங்க நிக்கப் பிடிக்கும்" என்றார். அவர் 'மாட்டேன்' என்றபோது நானும் காரணம் கேட்கக் கூடாது அல்லவா? கேட்கவில்லை. கடிதத்துக்குப் பிறகு திமிர் பிடித்தவர்கள் என்ற பெயர் ஐவருக்கும் பங்காகக் கிடைத்தது. தனியாகச் சுமந்ததைவிட அது லேசாக இருந்தது.

அடுத்த விழாவில் பொருளியல் பேராசிரியர் ஒருவர் பன்னீர்ச்செம்பைப் பிடித்துக்கொண்டு நின்றார். எவ்வளவு தெளிப்பது என்று தெரியாமல் விருந்தினரின் கண்ணாடியை நனைத்துவிட்டார். எங்கள் கௌரவ விரிவுரையாளர் பேறுகாலம் முடிந்து வந்திருந்தார். அரங்கின் மூன்றாவது வரிசையில், மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து, விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தார்.