கருவின் அச்சம்

பிறந்த சிசு அஞ்சுவதும் தாய்ப்பாலை நாடுவதும் முற்பிறவிப் பழக்கத்தின் ஸ்மரணையாலன்றி நிகழமாட்டா என்றும், ஆகவே ஆன்மா நித்தியமானதென்றும் நியாய சூத்திரத்தில் கௌதமர் வாதிக்கிறார். தாமரை தானே மலர்ந்து கூம்புவதைப்போல இதுவும் இயல்பாக ஏன் நிகழலாகாது என்று எதிர்ப்பக்கத்தார் வினவ, வெயிலும் குளிரும் மழையுமே தாமரையின் மாறுதலுக்குக் காரணம் என்று விடையிறுக்கிறார்.

இவ்விவாதத்தை மத்திய அமெரிக்க மழைக்காடுகளில் வாழும் சிவப்புக் கண் மரத்தவளையின் முட்டையொன்று மீண்டும் எழுப்பிவிடுகிறது. தேங்கிய நீருக்கு மேலே தொங்கும் இலைகளில் இத்தவளை இட்டுச் செல்லும் முட்டைகள், இடையூறு நேராவிடில், 6 அல்லது 7 தினங்களில் பொரிந்து, தலைப்பிரட்டைகள் நீரில் விழுகின்றன. ஆனால் ஐந்தாம் நாளிலேயே பாம்பொன்று வந்து அத்திரளைக் கடித்து இழுக்குமாயின், எஞ்சிய கருக்கள் சில கணங்களில் உறையைப் பிளந்துகொண்டு கீழே குதித்துவிடுகின்றன. காரென் வார்க்கென்டின் என்னும் ஆராய்ச்சியாளர் 1995-இல் இதை வெளியிட்டார். பாம்பின் அசைவையும் மழையின் அசைவையும் பதிவுசெய்து முட்டைகளுக்கு ஊட்டிப் பார்த்தபோது, பாம்பின் அதிர்வுக்கே அவை பெரிதும் பொரிந்தன என்பது பின்னர்த் தெரியவந்தது. அகாலத்தில் விழும் சிறு குஞ்சுகளை நீரிலுள்ள மீனும் இறாலும் எளிதில் விழுங்கிவிடுமாதலால், மழைக்கெல்லாம் பொரிவது கருவுக்குக் கேடே.

மழைக்கு அசையாத இக்கரு தாமரையன்று. ஆதலின் கௌதமரின் பக்கமே வென்றதாக முதற்பார்வையில் தோன்றும். எனினும் என் மனம் அங்கே அமைதியுறவில்லை. பாம்பின் வாயை உள்ளபடி அனுபவித்த கருக்கள் யாவும் சந்ததியின்றி அழிந்தன. சந்ததியை விட்டுச் சென்றவையோ, அவ்வனுபவம் நேருமுன்னரே தப்பியவை. அச்சமென்று அழைக்கத் துணியாவிடினும், விவேகமென்று சொல்லத்தக்க ஒன்று, அதனை அனுபவத்தால் கற்றார் எவருமின்றியே, எண்ணற்ற மரணங்களினூடே ஒரு வம்சத்தில் நிலைபெற்றிருக்கிறது. இதை எண்ணுந்தோறும் எனக்கு உண்டாகும் வியப்பு பக்திக்கு மிக அண்மையிலிருப்பது.

மாண்ட கருவின் ஆன்மாவே அந்நினைவைச் சுமந்து மீண்டும் பிறந்ததென்று ஆஸ்திகர் கூறலாம். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் பிறிதொரு வழி கண்முன் இருக்கையில், இவ்வழியன்றி வேறில்லை என்னும் அநுமானம் நில்லாது. கன்ம நியதியையும் சுருதியையும் ஆதாரமாகக்கொண்டு மறுபிறப்பை நம்புவோர் நம்பட்டும். சிசுவின் அச்சத்தை மட்டும் அதற்குப் பிரமாணமாகக் காட்டுவதை இனி விட்டுவிடவேண்டும் என்பதே என் முடிவு.