தோற்றவர் மறுபடி ஜெயிக்க முடியுமா?

இலங்கையின் கேகாலைக் கச்சேரியில் ஒரு தமிழ் எழுத்தர் வேலை பார்த்தார். கச்சேரி என்றால் அங்கே மாவட்ட அரசு அலுவலகம். ஆங்கிலத்தில் நிர்வாகம் நடந்த காலத்தில் பணிக்குச் சேர்ந்தவர். 1956-இல் சிங்களம் மட்டுமே ஆட்சிமொழி என்று சட்டம் வந்தது. சிங்களத் தேர்வில் தேறாத அரசு ஊழியருக்கு ஊதிய உயர்வு கிடையாது என்று அதன் தொடர்ச்சியாக விதிகள் வந்தன. அவர் தேர்வு எழுதப் போகவில்லை. 1962-இல் அவருடைய ஊதிய உயர்வு நின்றது. அரசின் மேல் வழக்குப் போட்டார். சட்டம் படிப்பவர்கள் இதைக் கோடீஸ்வரன் வழக்கு என்கிறார்கள்.

ஒரு குமாஸ்தாவின் சம்பள உயர்வு. கேட்பதற்குச் சின்ன விஷயம்தான். ஆனால் அந்த வழக்குக்குள் இருந்த கேள்வி சின்னதில்லை. அந்தச் சட்டம் நாடாளுமன்றத்தில் முறைப்படி வாக்கெடுத்து, 66-க்கு 29 என்ற கணக்கில் நிறைவேறியது. பண்டாரநாயக்காவின் கூட்டணி அதை வாக்குறுதியாகச் சொல்லித்தான் தேர்தலில் ஜெயித்தது. ராணுவப் புரட்சி எதுவும் நடக்கவில்லை. மக்கள் கேட்டார்கள், மக்கள் தேர்ந்தெடுத்த சபை கொடுத்தது. அப்புறம் அதில் என்ன தப்பு?

தப்பு இருக்கிறது என்று நமக்கு உடனே தோன்றும். நாம் தமிழர்கள் என்பதால் தோன்றும். அதனாலேயே அந்த உடனடித் தோன்றலை நான் அவ்வளவாக நம்பவில்லை. நம்ம ஆள் தோற்றதால் வரும் கோபம் வேறு, ஒரு நெறி மீறப்பட்டதால் வரும் கோபம் வேறு. இரண்டும் ஒரே சூட்டில்தான் வரும். முதலாவதைக் கழித்த பிறகும் ஏதாவது மிஞ்சுகிறதா என்று பார்க்க வேண்டும்.

*

பெரும்பான்மை முடிவு என்பதைச் சும்மா 'கூட்டம் அதிகம்' என்று தள்ளிவிட முடியாது. 1952-இல் கென்னத் மே என்ற அமெரிக்கக் கணிதவியலாளர் ஒரு தேற்றத்தை நிரூபித்தார். முன்னால் இருப்பது இரண்டே தெரிவுகள். எப்போதும் ஒரு முடிவு வர வேண்டும், அது சமன் என்றாலும் சரி. யார் போட்ட வாக்கு என்று பார்க்கக் கூடாது. இரண்டு தெரிவுகளில் எதற்கும் சலுகை கூடாது. சமநிலையில் இருக்கும்போது ஒருவர் மனம் மாறினால்கூட முடிவு அவர் பக்கம் சாய வேண்டும். இத்தனையையும் நிறைவேற்றும் விதி ஒன்றே ஒன்றுதான்: பெரும்பான்மை. பொறியியல் படித்தவர்களுக்கு இந்த மாதிரி நிரூபணம் ஒரு போதை. நாலு நிபந்தனையை உள்ளே போட்டால் ஜனநாயகம் வெளியே வந்து விழுகிறது!

ஆனால் முதல் சமன்பாட்டிலேயே ஒரு ஆள் விட்டுப்போகிறார். தோற்றவர். அவர் ஏன் முடிவுக்குக் கட்டுப்பட வேண்டும்? எண்ணிக்கை நேர்மையாக நடந்தது என்பது பாதிப் பதில். அடுத்த முறை ஜெயிக்கலாம் என்பது மீதிப் பாதி. இன்று வரி கூடாது என்றவர் நாலு வருஷம் ஊர் ஊராகப் போய்ப் பேசுவார். கேட்டவர்களில் சிலர் மனம் மாறுவார்கள். இன்றைய 29 நாளைக்கு 52 ஆகலாம். அந்த வாசல் திறந்திருக்கிறது என்பதால்தான் தோற்றவர் கல்லெடுக்காமல் வீட்டுக்குப் போகிறார்.

மேயின் விதிப்படி யாருடைய வாக்கு என்று பார்க்கக் கூடாது. பெட்டிக்குக் கண் கிடையாது. சரிதான், ஆனால் சில கேள்விகளுக்குக் கண் உண்டு. மக்களில் சுமார் 70 சதவீதம் பேர் சிங்களர்களாக இருக்கும் நாட்டில் 'எது ஆட்சிமொழி?' என்று கேட்டால், கேட்கும்போதே கேள்வி ஒவ்வொருவரின் பிறப்பையும் பார்த்துவிடுகிறது. அதன் பிறகு வாக்கெடுப்பு வெறும் மக்கள்தொகைக் கணக்கெடுப்புதான். தோற்றவர் யாரைப் போய் என்ன சொல்லி மனம் மாற்றுவது? 'நாளை முதல் நீங்களும் தமிழ் பேசும் தாயின் பிள்ளையாகிவிடுங்கள்' என்றா?

அம்பேத்கர் இதை 1945-இலேயே தெளிவாகப் பிரித்துச் சொல்லிவிட்டார். அரசியல் பெரும்பான்மை என்பது உருவாகும், கலையும், மறுபடி உருவாகும். வகுப்புவாரிப் பெரும்பான்மை பிறப்பிலேயே வருவது, நிலையானது. இரண்டுக்கும் ஒரே பெயர் இருப்பதால் முதலாவதற்கு உரிய மரியாதையை இரண்டாவது வாங்கிக்கொண்டு போய்விடுகிறது. அவர் இந்தியாவைப் பற்றிப் பேசினார். ஆனால் பதினோரு வருஷம் கழித்துக் கொழும்பில் நடந்ததற்கு இதைவிடச் சுருக்கமான விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை.

*

ஒரு திருத்தம் மட்டும் சேர்க்க வேண்டும். எதிர்த்து வாக்களித்த அந்த 29 பேரில் எல்லோரும் தமிழர்கள் இல்லை. இடதுசாரிக் கட்சிகளின் சிங்கள உறுப்பினர்களும் இருந்தார்கள். அவர்களில் ஒருவரான கொல்வின் ஆர். டி சில்வா, இரண்டு மொழி என்றால் ஒரு நாடு, ஒரு மொழி என்றால் இரண்டு நாடு என்ற பொருளில் எச்சரித்தது இன்றுவரை நினைவுகூரப்படுகிறது. ஆக, பிறப்பால் சிங்களர் என்பதால் எல்லோரும் தானாக ஒரு பக்கம் போய்விடவில்லை. பிறப்புப் பெரும்பான்மையையும் யாரோ உட்கார்ந்து திரட்ட வேண்டியிருக்கிறது.

எப்படித் திரட்டினார்கள் என்பதுதான் பயங்கரம். ஐக்கிய தேசியக் கட்சி முதலில் இரு மொழிகளுக்கும் சம அந்தஸ்து என்றது. பண்டாரநாயக்காவின் பக்கம் காற்று வீசுவதைப் பார்த்ததும் 1956 பிப்ரவரியில் களனி மாநாட்டில் அதுவும் சிங்களம் மட்டும் என்று மாறியது. பண்டாரநாயக்கா ஜெயித்தார். அடுத்த வருஷம் செல்வநாயகத்தோடு ஒரு சமரச ஒப்பந்தம் போட்டார். உடனே எதிர்க்கட்சியாகிவிட்ட ஐ.தே.க.வின் ஜே.ஆர். ஜெயவர்த்தனா ஒப்பந்தத்தை எதிர்த்துக் கண்டிக்கு ஊர்வலம் கிளம்பினார். 1958 ஏப்ரலில் பிக்குகள் பிரதமரின் வீட்டு முன் வந்து உட்கார்ந்தார்கள். ஒப்பந்தம் கைவிடப்பட்டது.

யார் ஆண்டாலும் எதிரில் இருப்பவருக்கு ஒரே மலிவான ஆயுதம்தான்: 'இவன் அவங்களுக்கு விட்டுக்கொடுக்கிறான்.' பொருளாதாரக் கொள்கையை வைத்து வாக்கு சேர்க்கப் பல வருஷம் உழைக்க வேண்டும். பிறப்பை வைத்துச் சேர்க்க ஒரு மேடை போதும். ஏலம் விடுவது போல விலை ஏறிக்கொண்டே போனது. விலையைக் கொடுத்தவர்கள் ஏலத்தில் இல்லை.

*

இதெல்லாம் முன்கூட்டியே தெரியாதா? தெரியும். சுதந்திரத்தோடு வந்த சோல்பரி அரசியலமைப்பில் 29-ஆம் பிரிவு என்று ஒன்று இருந்தது. ஒரு சமூகத்தாருக்கு மட்டும் பாதகமான கட்டுப்பாட்டையோ, ஒரு சமூகத்தாருக்கு மட்டும் தனிச் சலுகையையோ தரும் சட்டத்தை நாடாளுமன்றம் இயற்றக் கூடாது, இயற்றினால் செல்லாது. காகிதத்தில் நல்ல வேலிதான்.

வேலி முதல் முறை சோதிக்கப்பட்டது மலையகத்தில். தேயிலைத் தோட்டங்களில் தலைமுறைகளாக உழைத்த இந்திய வம்சாவளித் தமிழர்களிடம், தந்தை, இல்லாவிட்டால் பாட்டன், பூட்டன் இருவரும் இலங்கையில் பிறந்ததற்கு அத்தாட்சி கேட்டது 1948 குடியுரிமைச் சட்டம். லயத்து அறைகளில் பிறந்தவர்களிடம் எந்தக் காகிதம் இருக்கும்? சுமார் 7 லட்சம் பேர் குடியுரிமையை இழந்தார்கள். 1949-இல் இன்னொரு சட்டத்தால் வாக்குரிமையும் போனது. வழக்கு லண்டனில் பிரிவி கவுன்சில் வரை போனது. தன் குடிமக்கள் யார் என்று தீர்மானிப்பது ஒரு சட்டமன்றத்தின் இயல்பான அதிகாரம், 29-ஆம் பிரிவு மீறப்படவில்லை என்று 1953-இல் தீர்ப்பு வந்தது.

இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். பெரும்பான்மை முடிவெடுக்கும் என்கிறோம். எதில் பெரும்பான்மை? எண்ணப்படுகிறவர்களில். யாரை எண்ணுவது என்பதை யார் முடிவு செய்வது? பெரும்பான்மை. எழுதிய நிரல் தன்னைத் தானே அழைத்துக்கொண்டே போவது மாதிரி இது. மேயின் தேற்றத்தில் வாக்காளர்களின் எண்ணிக்கை முன்பே கொடுக்கப்பட்டிருக்கும். நிஜத்தில் அதைத்தான் முதலில் திருத்துகிறார்கள்.

இரண்டாவது சோதனைதான் கேகாலை எழுத்தரின் வழக்கு. 1964-இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது: ஆட்சிமொழிச் சட்டம் 29-ஆம் பிரிவை மீறுகிறது, செல்லாது. அரசு மேல்முறையீடு போனது. 1967-இல் உச்ச நீதிமன்றம், அரசு ஊழியர் சம்பளத்துக்காக அரசின் மேல் வழக்கே போட முடியாது என்று சொல்லி மொழிக் கேள்விக்குள் நுழையாமல் ஒதுங்கிக்கொண்டது. 1969-இல் பிரிவி கவுன்சில், வழக்குப் போடலாம், அரசியலமைப்புக் கேள்விக்கு உச்ச நீதிமன்றமே பதில் சொல்லட்டும் என்று திருப்பி அனுப்பியது. பதில் வரவில்லை. 1971-இல் பிரிவி கவுன்சிலுக்குப் போகும் வழியே மூடப்பட்டது. 1972-இல் புதிய குடியரசு அரசியலமைப்பு வந்தது. அதில் சிங்களம் ஆட்சிமொழி. பௌத்தத்துக்கு முதன்மை இடம். பழைய 29-ஆம் பிரிவு இல்லை.

அந்த அரசியலமைப்பை உருவாக்கும் பொறுப்பில் இருந்த அமைச்சர் யார் என்று நினைக்கிறீர்கள்? அதே கொல்வின் ஆர். டி சில்வா.

*

சரி, சிறுபான்மைக்கு வீட்டோ கொடுத்துவிட்டால் எல்லாம் தீர்ந்துவிடுமா? ஜி.ஜி. பொன்னம்பலம் அதற்குப் பக்கத்தில் வரும் ஒன்றைத்தான் கேட்டார். இடங்களில் பாதி சிங்களருக்கு, பாதி மற்ற எல்லாச் சமூகங்களுக்கும் சேர்த்து. சோல்பரி ஆணையம் அதை ஏற்கவில்லை. எனக்கும் அதில் தயக்கம் உண்டு. யாரும் யாருடைய மனதையும் மாற்ற வேண்டாம், பிறந்த இடத்திலேயே நிரந்தரமாக நில்லுங்கள் என்று அந்த ஏற்பாடு எல்லோரிடமும் சொல்கிறது. தவிர, 'சிறுபான்மை' என்பது ஒரே உடம்பில்லை. மலையகத் தமிழரின் குடியுரிமை பறிபோன அதே 1948-இல்தான் பொன்னம்பலம் அரசில் அமைச்சராகச் சேர்ந்தார். அதை ஏற்காமல் பிரிந்தவர்கள்தான் 1949-இல் தமிழரசுக் கட்சியைத் தொடங்கினார்கள்.

இன்னும் கசப்பான உதாரணம் மாவிட்டபுரம். 1968-இல் யாழ்ப்பாணத்தின் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலுக்குள் நுழைய ஒடுக்கப்பட்ட சாதியினர் போராடினார்கள். வாசலில் நின்று எதிர்த்தவர்களில் முக்கியமானவர் சி. சுந்தரலிங்கம். கணிதப் பேராசிரியராக இருந்தவர், முன்னாள் அமைச்சர். மலையக மக்களின் குடியுரிமைப் பிரச்சினையில் 1948-இல் பதவியை உதறியவர். சிங்களப் பெரும்பான்மைவாதத்தை மிகக் கடுமையாக எதிர்த்தவர்களில் ஒருவர். அவருக்கே கோயில் வாசலில் மரபு என்பது சிறுபான்மையின் உரிமையாகத் தெரிந்தது.

அவர்மேல் வழக்குப் பாய்ந்தது 1957-இன் ஒரு சட்டத்தின்கீழ். பொது இடங்களிலும் வழிபாட்டு இடங்களிலும் சாதியைச் சொல்லித் தடுப்பதைக் குற்றமாக்கிய சட்டம் அது. அதை இயற்றியது எந்த நாடாளுமன்றம்? சிங்களம் மட்டும் சட்டத்தை முந்தைய வருஷம் இயற்றிய அதே நாடாளுமன்றம். 1956-இல் எந்தச் சபை கேகாலை எழுத்தருக்கு அநீதி செய்ததோ, அதே சபையின் சட்டத்தைத்தான் மாவிட்டபுரத்து வாசலில் நின்றவர்கள் கையில் பிடித்திருந்தார்கள்.

அப்படியானால் எந்தச் சிறுபான்மைக் கோரிக்கை நியாயம், எது நியாயமில்லை? தலையை எண்ணினால் பதில் வராது. கோரிக்கை எங்கே போய் விழுகிறது என்று பார்த்தால் வருகிறது. எழுத்தர் கேட்டது தன் வேலையைத் தன் மொழியோடு செய்யும் உரிமை. அது கிடைத்திருந்தால் எந்தச் சிங்களரும் தன் மொழியை இழந்திருக்க மாட்டார். சுந்தரலிங்கம் கேட்டது இன்னொருவரை வாசலுக்கு வெளியே நிறுத்தும் அதிகாரம். முன்னது தன் வாழ்க்கையின் மேல் உரிமை. பின்னது அடுத்தவர் வாழ்க்கையின் மேல் உரிமை. சிறுபான்மை என்ற சொல்லின் நிழலில் இரண்டாவது ஒதுங்குவதை அனுமதித்தால், முதலாவதைக் காப்பாற்றும் தகுதி நமக்குப் போய்விடும்.

*

ஆகவே ஆரம்பத்தில் கேட்டதற்கு என் பதில்: ஆம், கழித்த பிறகும் மிஞ்சுகிறது. ஒரு முடிவில் தோற்றவர் வாதாடி, ஆள் சேர்த்து, மறுபடி ஜெயிக்க வழி இருந்தால் அது எண்ணிக்கைக்கு உரிய கேள்வி. தன் மொழியையோ மதத்தையோ பிறப்பையோ விட்டால்தான் ஜெயிக்க முடியும் என்றால் அது எண்ணிக்கைக்கு விடக்கூடாத கேள்வி. அடிப்படை உரிமைகளை ஜனநாயகத்துக்குப் போட்ட கடிவாளம் என்று பலர் சொல்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தோற்றவர் வீட்டுக்குப் போய் நிம்மதியாகத் தூங்கி, காலையில் மறுபடி வாதாட வருவதற்கான ஏற்பாடு அவை. அந்த ஏற்பாடு இல்லாத இடத்தில் அவர் வாதாட வர மாட்டார். அதன் பிறகு என்ன வரும் என்பது இலங்கையின் அடுத்த முப்பது, நாற்பது வருஷ வரலாறு.

ஆனால் இதை யார் காப்பது என்ற கேள்விக்கு எளிய பதில் என்னிடம் இல்லை. அரசியலமைப்பில் எழுதிவைத்தார்கள், போதவில்லை. நீதிமன்றத்துக்குப் போனார்கள், ஒன்று ஒதுங்கியது, இன்னொன்று கடல் கடந்து இருந்தது. கடைசியில் வேலி நிற்பதும் விழுவதும், பெரும்பான்மைக்குள்ளேயே எத்தனை பேர் அது வேண்டும் என்று நினைக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது. 1956-இல் எதிர்த்துக் கைதூக்கிய சிங்கள இடதுசாரிகளுக்கு அந்தச் சட்டத்தால் நேரடி நஷ்டம் எதுவுமில்லை. தூக்கியதால்தான் நஷ்டம். வாக்கு நஷ்டம். பதினாறு வருஷத்துக்குள் அவர்களில் முக்கியமானவர்களே மறுபக்கம் போய்விட்டார்கள்.

நாம் ஒவ்வொருவரும் ஏதோ ஒரு கணக்கில் பெரும்பான்மைதான். சாதியில், மதத்தில், தமிழ்நாட்டுக்குள் மொழியில், குறைந்தபட்சம் அடுக்குமாடிக் குடியிருப்பின் கூட்டத்தில். கோடீஸ்வரன் வழக்கைப் படிக்கும்போது நம்மை அந்த எழுத்தரின் இடத்தில் வைத்துப் பார்ப்பது சுலபம். அதற்குப் பெரிய அறம் எதுவும் தேவையில்லை. நமக்கு ஒரு நஷ்டமும் இல்லாத சட்டத்தை எதிர்த்து, நம் ஆட்கள் நிறைந்த சபையில், அந்த 29 பேரோடு கை தூக்குவோமா? தூக்கிய கையைப் பதினாறு வருஷம் கழித்தும் இறக்காமல் இருப்போமா?