குற்றமில்லாத காவல்

அயர்லாந்தில் பிறந்து, பிழைப்புத் தேடி அமெரிக்கா சென்ற சமையற்காரி மேரி மலன். 1906ஆம் ஆண்டுக் கோடையில், நியூயார்க்கை அடுத்த ஆய்ஸ்டர் பேயில் அவர் சமைத்த வீட்டில் 11 பேர் இருந்தனர்; அவர்களுள் 6 பேரை டைபாய்டு சுரம் பற்றியது. அவரோ நோயின் அடையாளமே இன்றித் திடமாக நடமாடினார். 1907இல் அதிகாரிகள் அவரைப் பிடித்துச் சோதித்தனர். அவர் உடலில் அந்நோயின் கிருமி குடியிருக்கக் கண்டு நார்த் பிரதர் என்னும் தீவில் அடைத்தனர். 1909இல் வழக்காடித் தோற்றார். இனிச் சமைப்பதில்லை என்று வாக்களித்து 1910இல் வெளிவந்தார்.

அதுவரை அவர் குற்றவாளியா? அல்லர் என்றே நாம் துணிந்து கூறுவோம். உறக்கத்தில் புரண்டு பிறர் பாண்டத்தை உடைத்தவன் அதன் விலையை ஈடுசெய்யக் கடமைப்பட்டவன்; ஆனால் அவன்மீது பாவமில்லை என்பர் பிக்ஹு நூலார். தீங்கு வேறு, குற்றம் வேறு. தீங்கைத் தடுக்க ஒருவரை நிறுத்திவைக்கலாம். அதனைத் தண்டனையாக்குதல் ஆகாது.

தொழுநோயுற்ற ஒரு பெண் கஅபாவை வலம்வரக் கண்ட ஹழ்ரத் உமர் (ரலி) அவர்கள், மக்களுக்குத் தொல்லை நேராதிருக்க வீட்டிலிருத்தலே நலம் என்று அவளிடம் கனிவுடன் கூறினார்கள் என முவத்தாவில் இமாம் மாலிக் (ரஹ்) அவர்கள் பதிந்துள்ளார்கள். அவளும் இணங்கினாள். கலீபா மறைந்தபின், 'தடுத்தவர் போய்விட்டார், இனி வெளியே வரலாமே' என்றான் ஒருவன். உயிருடன் இருந்தபோது கீழ்ப்படிந்தவருக்கு இறந்தபின் மாறு செய்வேனோ என்று அவள் மறுத்துவிட்டாள். இத்தகைய இணக்கம் காவலரால் விளைவதன்று. அதே கலீபா ஷாம் நாட்டில் ஜாபியாவுக்குச் செல்லும் வழியில் தொழுநோயுற்ற கிறிஸ்தவர்களைக் கண்டு, அவர்களுக்குப் பொருளும் உணவும் வழங்கக் கட்டளையிட்டார்கள் என்று பலாதுரீ எழுதுகிறார்.

நியூயார்க்கோ மேரிக்குச் சலவை வேலை தந்தது. அதன் கூலி சமையற்கூலிக்கு எட்டவில்லை. பிறர் நலனுக்காக அடுப்பை விட்டவருக்கு அவ்வடுப்பின் வருவாயை ஊரன்றோ அளித்திருக்க வேண்டும்! பெயரை மாற்றிக்கொண்டு அவர் மீண்டும் சமையலில் இறங்கினார். 1915இல், அவர் சமைத்த மகப்பேற்று மருத்துவமனையில் 25 பேர் நோயுற்றனர்; இருவர் மாண்டனர். இம்முறை அவரைக் குற்றமற்றவர் என்று சொல்ல நமக்கு நா எழவில்லை. அறிவிக்கப்பட்ட பின் வாக்கை முறித்தார். மாண்ட இருவருக்கும் சுற்றத்தார் இருந்தனரே.

மீண்டும் தீவு; 1938இல் இறக்கும்வரை அங்கேயே. அதற்குள் அந்நகரில் அவரைப்போல் கிருமி சுமப்போர் நூற்றுக்கணக்கில் கண்டறியப்பட்டிருந்தனர். அவர்களில் எவரும் அவ்வாறு ஆயுள் முழுதும் அடைக்கப்படவில்லை.